உங்கள் கேட்டலினா எழவில்லையா? வயிற்றைத் திருப்பிப் பாருங்கள்

கேள்வி: போர்க்காலத்தில் செங்குன்றம் ஏரியில் விமானங்கள் வந்து இறங்கும் என்று என் தாத்தா அடிக்கடி சொல்வார். அந்த நினைப்பில் தெர்மாகோல் ஷீட்டில், நீரில் இறங்கி ஏறும் கேட்டலினா விமானத்தின் மாடல் ஒன்று செய்தேன். இறக்கை 1.2 மீட்டர், இரண்டு மோட்டார். மைதானத்தில் கையால் எறிந்தால் அழகாகப் பறக்கிறது. தண்ணீரில் விட்டால் முழு த்ராட்டில் கொடுத்தும் மூக்கைப் புதைத்துக்கொண்டு ஓடுகிறதே தவிர, எழவே மாட்டேன் என்கிறது. தடையில்லாமல் வழுக்கட்டும் என்று அடிப்பகுதி முழுவதையும் உப்புத்தாள் போட்டுத் தேய்த்து மீன் வயிறு மாதிரி ஆக்கியிருக்கிறேன். பெரிய மோட்டார் மாற்றினால் சரியாகுமா? தாத்தா சொன்னது நிஜந்தானா? அப்படியானால் அந்த விமானங்கள் எங்கே போயின?
– வாசகர், அம்பத்தூர்

பதில்: தாத்தா சொன்னது நிஜம். இரண்டாம் உலகப் போரில் பிரிட்டிஷ் விமானப் படையின் 240ஆம் படைப்பிரிவு செங்குன்றம் ஏரியைத்தான் தளமாக வைத்திருந்தது. அவர்கள் ஓட்டியவை கேட்டலினாக்கள். வங்காள விரிகுடாவில் நீர்மூழ்கிகளைத் தேடுவதும் கப்பல்களுக்குக் காவல் போவதும் அவற்றின் வேலை. ஆக, நீங்கள் சரியான விமானத்தைத்தான் தேர்ந்தெடுத்திருக்கிறீர்கள்.

மோட்டார் மட்டும் வாங்கிவிடாதீர்கள். கையால் எறிந்தால் பறக்கிறது என்று நீங்களே சொல்கிறீர்கள். மோட்டாரின் இழுவிசை போதும், இறக்கை சரி, ஈர்ப்பு மையமும் பெரிய தப்பில்லை என்பதற்கு அதைவிடச் சாட்சி வேண்டாம். கோளாறு கீழே இருக்கிறது. நீங்கள் பெருமையாகத் தேய்த்த அந்த மீன் வயிறுதான் கோளாறு.

சமையலறைக் குழாயைச் சன்னமாகத் திறந்துவிட்டு, ஒரு கரண்டியின் முதுகை அந்த நீரோட்டத்தில் லேசாகத் தொடவிடுங்கள். நீர் கரண்டியைத் தள்ளிவிடும் என்றுதானே நினைப்போம்? மாறாக, கரண்டி நீருக்குள் இழுக்கப்படும். வளைந்த பரப்பைத் தண்ணீர் விடாது, வளைவோடு ஒட்டிக்கொண்டே போகும், போகிற போக்கில் அந்தப் பரப்பைத் தன் பக்கம் இழுக்கும். உங்கள் மாடலின் பின்பாதி வளைந்து மேலே ஏறுகிறது இல்லையா, அதுதான் கரண்டி. வேகம் கூடக் கூட வாலைத் தண்ணீர் கீழே இழுக்கும். பெரிய மோட்டார் போட்டால் அந்த இழுப்பும் சேர்ந்து கூடும்.

இதில் நீங்கள் முதல் ஆளும் அல்ல. 1910 மார்ச் 28 அன்று, பிரான்ஸில் மார்செய் அருகே ஓர் உப்பங்கழியில், ஆன்ரி ஃபாப்ர் என்பவர் தண்ணீரிலிருந்து முதன்முதலில் ஒரு விமானத்தைக் கிளப்பினார். அதற்கு முன் அவர் விமானமே ஓட்டியதில்லை என்பது தனிக் கதை. ஆனால் அவருடையது மிதவைகள் மேல் நின்ற விமானம். உடம்பே படகாக இருக்கும் விமானத்தை, அதாவது பறக்கும் படகை, உருப்படியாகச் செய்துகாட்டியவர் அமெரிக்காவின் கிளென் கர்ட்டிஸ். அவருக்கும் 1912இல் உங்களுக்கு வந்த அதே தலைவலிதான் வந்தது. படகு ஓடியது, சீறியது, தண்ணீரை விடவில்லை. நியூயார்க் மாநிலத்தில் ஹேமண்ட்ஸ்போர்ட் ஊரின் கியூகா ஏரியில் அந்தக் கோடை முழுவதும் மல்லுக்கட்டினார்கள். கடைசியில் படகின் அடியில், நடுப்பகுதியில், குறுக்காக ஒரு படி வைத்தார்கள். நம் வீட்டு வாசற்படி மாதிரி ஒரு வெட்டு, அவ்வளவுதான். படகு எழுந்துவிட்டது. அமெரிக்க விமானத் துறையின் விருதான காலியர் கோப்பை அந்த ஆண்டு கர்ட்டிஸுக்குப் போனது.

அந்தப் படிதான் உங்கள் மாடலில் இல்லை. மாடல் கட்டுபவர்கள் அதை 'ஸ்டெப்' என்பார்கள். ஓடிவரும் தண்ணீருக்கு அந்த விளிம்பில் சட்டென்று பிடி விட்டுப்போகிறது. வெட்டுக்குப் பின்னால் காற்று புகுந்துவிடுவதால் பின்பாதி தண்ணீரில் ஒட்டுவதில்லை. அப்புறம் முழு எடையும் படிக்கு முன்னால் உள்ள சிறு பரப்பின் மேல் நின்று, குளத்தில் ஓட்டாஞ்சில்லு தத்துவதைப் போல நீர்மேல் வழுக்கும். இன்னொரு லாபமும் உண்டு. விமானம் எழ மூக்கை உயர்த்த வேண்டும். வாலுக்கடியில் தண்ணீர் ஒட்டியிருந்தால் மூக்கை எப்படி உயர்த்துவது? படி இருந்தால் அதன் விளிம்பின் மேல் விமானம் சாய்ந்தாடும்.

எங்கே வைப்பது? ஈர்ப்பு மையத்துக்கு நேர் கீழே ஒரு கோடு போட்டு, அதிலிருந்து சற்றே பின்தள்ளி வையுங்கள். உங்கள் அளவுக்கு ஒன்றிரண்டு சென்டிமீட்டர் போதும். ரொம்பப் பின்னால் போனால் மூக்கு தூக்காது. முன்னால் வந்தால் வழுக்கும்போது தவளை மாதிரி குதிக்க ஆரம்பிக்கும். ஆழம், படகின் அகலத்தில் பத்தில் ஒரு பங்கு இருந்தால் வேலை ஓடும். அடியைச் செதுக்க வேண்டியதில்லை. படிக்கு முன்னால் உள்ள பகுதியில் இன்னொரு தெர்மாகோல் துண்டை ஒட்டி உயர்த்தினால் பின்னால் படி தானாகக் கிடைத்துவிடும்.

இங்கேதான் பெரும்பாலானவர்கள் கோட்டைவிடுகிறார்கள். நானும் விட்டிருக்கிறேன். என் முதல் மாடலில் படியெல்லாம் ஒழுங்காக வைத்துவிட்டு, தெர்மாகோல் பிய்ந்துவிடக் கூடாதென்று அதன் மேல் பேக்கிங் டேப்பைச் சுற்றினேன். விளிம்பு மழுங்கி உருண்டைக் கரையாகிவிட்டது. ஒரு ஞாயிறு முழுவதும் ஊர்க் குளத்தில் மோட்டார் படகு ஓட்டிவிட்டு வீடு திரும்பினேன். விளிம்பு கத்தி மாதிரி இருக்க வேண்டும். பழைய ஏடிஎம் கார்டைக் கீற்றாக வெட்டி, படியின் விளிம்பிலும் அடிப்பகுதியின் இரு பக்க ஓரங்களிலும் எபாக்சி வைத்து ஒட்டுங்கள். பக்க ஓரமும் கூராக இல்லையென்றால் தண்ணீர் பக்கவாட்டில் ஏறி ப்ரொப்பெல்லரில் அடிக்கும்.

மூக்கு புதைவதற்குத் தனியாக ஒரு காரணம் இருக்கிறது. கேட்டலினாவில் இறக்கையே ஒரு தூணின் மேல் உட்கார்ந்திருக்கும், என்ஜின்கள் அதில் உயரே இருக்கும். நீர்த்திவலை எட்டக் கூடாதென்று செய்த ஏற்பாடு அது. ஆனால் இழுவிசை ஈர்ப்பு மையத்துக்கு மேலே இருப்பதால், த்ராட்டிலைத் திடீரென்று முழுக்கத் தள்ளினால் மூக்கை அது கீழே அமுக்கும். நிஜ விமானத்துக்கும் இந்தக் குணம் உண்டு, மாடலுக்கு இன்னும் அதிகம். மோட்டாரை இரண்டு மூன்று டிகிரி மேல்நோக்கிச் சாய்த்துப் பாருங்கள்.

இறக்கை நுனி மிதவைகளையும் கவனியுங்கள். விமானம் வழுக்கத் தொடங்கியதும் அவை நீரைவிட்டு மேலே வந்துவிட வேண்டும். தாழ்வாக இருந்தால் ஒன்று தண்ணீரில் மாட்டி விமானத்தைச் சுழற்றிவிடும். நிஜ கேட்டலினாவில் அந்த மிதவைகள் பறக்கும்போது மடங்கி மேலே போய் இறக்கை நுனியாகவே மாறிவிடும். மாடலில் அந்த வேலையெல்லாம் வேண்டாம். அவற்றை மடக்கும் சர்வோ மோட்டாரின் எடைதான் மிச்சம்.

சரி, மூன்றாவது கேள்விக்கு வருவோம்.

1920, 30களில் பெரிய விமானம் என்றாலே பறக்கும் படகுதான். காரணம் எளிது. பாரம் ஏற்றிய விமானம் எழ நீண்ட ஓட்டம் வேண்டும். அன்றைய விமான நிலையங்களோ பெரும்பாலும் புல்வெளிகள், கனத்த சக்கரம் புதைந்துவிடும். ஆறும் ஏரியும் துறைமுகமும் காசில்லாமல் கிடைத்த ஓடுபாதைகள். கடலின் நடுவே என்ஜின் நின்றுபோனால் இறங்கி மிதக்கலாம் என்ற தைரியமும் இருந்தது. அது வெறும் ஆறுதல் அல்ல. 1919 மே மாதம் அமெரிக்கக் கடற்படையின் மூன்று கர்ட்டிஸ் படகுகள் அட்லான்டிக்கைக் கடக்கக் கிளம்பின. அவற்றில் என்சி-4 மட்டும் லிஸ்பன் போய்ச் சேர்ந்தது. கடலில் இறங்கிவிட்ட என்சி-3 மறுபடி பறக்க முடியாமல், 300 கிலோமீட்டருக்கும் மேல் அலைகளில் மிதந்தே அசோர்ஸ் தீவுகளை அடைந்தது.

அப்புறம் ஆசை பெருகியது. 1929 அக்டோபரில் ஜெர்மனியின் டோர்னியர் டோ எக்ஸ், பன்னிரண்டு என்ஜின்களோடு 169 பேரை ஏற்றிக்கொண்டு பறந்தது. 1936இல் பிரிட்டனின் ஷார்ட் எம்பயர் படகுகள் வந்தன. பிரிட்டிஷ் விமான நிறுவனமான இம்பீரியல் ஏர்வேஸ், படகின் வரைபடத்தைப் பார்த்தே 28 படகுகளுக்கு ஆர்டர் கொடுத்திருந்தது. 1938 முதல் அவை சவுத்தாம்ப்டனிலிருந்து சிட்னி வரை போயின. வழியில் கராச்சி, ராஜ்சமந்த் ஏரி, குவாலியர், அலகாபாத், கல்கத்தா என்று அன்றைய இந்தியாவின் நீர்நிலைகளில் இறங்கி ஏறின.

ஆனால் என்னைக் கேட்டால், பறக்கும் படகின் உச்சம் அந்தச் சொகுசுப் படகுகள் அல்ல, இலங்கையில் காலிக்கு அருகே கொக்கல ஏரியில் நடந்த வேலைதான். 1942 ஏப்ரல் 4 அன்று அங்கிருந்து கிளம்பிய ஒரு கேட்டலினாவில் கனடா நாட்டு விமானி லெனர்ட் பர்ச்சல், கொழும்பைத் தாக்க வந்துகொண்டிருந்த ஜப்பானியக் கடற்படையைக் கண்டு செய்தி அனுப்பினார். அனுப்பிக்கொண்டிருக்கும்போதே சுட்டு வீழ்த்தப்பட்டார். உயிர் தப்பினாலும் போர் முடியும்வரை சிறை. அடுத்த ஆண்டு, 1943இல், குவாண்டாஸ் நிறுவனம் ஆஸ்திரேலியாவின் பெர்த்திலிருந்து அதே கொக்கலவுக்குக் கேட்டலினா சேவை தொடங்கியது. சுமார் 5,600 கிலோமீட்டர், நடுவில் எங்கும் இறங்காமல். ஜப்பானியர் காதில் விழக் கூடாதென்று வானொலி மௌனம். நட்சத்திரங்களைப் பார்த்துத்தான் வழி. பயணம் 27 முதல் 33 மணி நேரம் என்பதால் ஒரே பறப்பில் இரண்டு சூரிய உதயம் பார்க்கலாம். 'இரட்டைச் சூரியோதயம்' என்றே அந்தச் சேவைக்குப் பெயர் விழுந்தது. தொட்டி நிறைய பெட்ரோலோடு கிளம்பும்போது எடை ஏறக்குறைய 16 டன், அதில் பயணிகள் மூன்றே பேர். அந்த 16 டன்னை நீரிலிருந்து விடுவித்தது, நீங்கள் உப்புத்தாள் போட்டு இல்லாமல் செய்த அதே படிதான்.

போரே பறக்கும் படகை ஒழித்தும் விட்டது. குண்டுவீச்சு விமானங்களுக்காக உலகமெங்கும் கான்கிரீட் ஓடுபாதைகள் போட்டார்கள். போர் முடிந்ததும் அவை பயணிகள் விமானங்களுக்குப் பயன்பட்டன. படகு வயிறு நீருக்கு நல்லது, காற்றுக்குத் தண்டச்சுமை. உப்பு நீர் உலோகத்தை அரிக்கும். இரவில் இறங்கும்போது ஒரு மிதக்கும் கட்டை போதும், அடி கிழிந்துவிடும். பிரிட்டனின் பிஓஏசி விமான நிறுவனம் 1950இல் தன் பறக்கும் படகுச் சேவையை நிறுத்தியது. அமெரிக்கக் கோடீஸ்வரர் ஹோவர்ட் ஹியூஸின் 97 மீட்டர் இறக்கை கொண்ட மரப் படகு 1947இல் ஒரே ஒருமுறை எழுந்ததோடு சரி.

இன்று மிச்சமிருப்பவை தண்ணீரில்தான் வேலை உள்ளவை. கனடாவின் சிஎல்-415, ஏரியில் வழுக்கியபடியே பன்னிரண்டு விநாடியில் சுமார் 6,000 லிட்டர் நீரை அள்ளிக்கொண்டு போய்க் காட்டுத்தீயில் கொட்டும். ஜப்பானின் யுஎஸ்-2 மூன்று மீட்டர் அலையிலும் இறங்கி ஆட்களைக் காப்பாற்றும். மாலத்தீவில் சுற்றுலாப் பயணிகளை ஏற்றும் ட்வின் ஆட்டர்களைப் பலரும் பறக்கும் படகு என்கிறார்கள். அவை மிதவை கட்டிய சாதாரண விமானங்கள்.

இனி உங்கள் ஏரிக்கரைக்கு. செங்குன்றம் சென்னைக்குக் குடிநீர் தரும் ஏரி, அங்கே விடாதீர்கள். வேறு குளம் பாருங்கள், ட்ரோன் வான்வெளி வரைபடத்தில் அது பச்சை மண்டலமா, அதாவது முன் அனுமதி இல்லாமல் பறக்கவிடக்கூடிய இடமா என்றும் பார்த்துக்கொள்ளுங்கள். காற்றை எதிர்த்து நிறுத்தி, எலிவேட்டரை, அதாவது மூக்கை ஏற்றி இறக்கும் வால் தகட்டை, மேலே இழுத்துப் பிடித்தபடி த்ராட்டிலை மூன்று நான்கு விநாடி எடுத்துக்கொண்டு ஏற்றுங்கள். நீரின் எதிர்ப்பு காளையின் திமில் மாதிரி ஏறி இறங்கும். அந்தத் திமிலைத் தாண்டியதும் விமானம் மேலே எழும்பி உட்கார்ந்து சட்டென்று வேகம் பிடிப்பது கரையிலிருந்தே தெரியும். அப்போது எலிவேட்டரைத் தளர்த்தி ஓடவிட்டு, வேகம் சேர்ந்ததும் லேசாக இழுங்கள்.

விடியற்காலையில் கண்ணாடி மாதிரி கிடக்கும் நீரைப் பார்த்து ஆசைப்படாதீர்கள். அசையாத நீர்தான் அதிகம் ஒட்டும். அந்த நாள் விமானிகள் அப்படிப்பட்ட நீரில் ஒரு மோட்டார் படகைக் குறுக்கே ஓடவிட்டு அலை கிளப்பச் சொல்வார்கள். உங்களுக்குப் படகு வேண்டாம், ஒன்பது மணிக்குச் சிற்றலை எழும்வரை கரையில் உட்கார்ந்திருங்கள்.