சீருடை வேற என்று சொல்லும் பெண்

வணக்கம் அம்மா.

உங்கள் மகள் ஆவணப்படம் பார்க்கும்போது நடுவில் நிறுத்தி, "இது அந்தப் போரே இல்லை, சீருடை வேற" என்கிறாள் என்று எழுதியிருந்தீர்கள். அதைக் குறையாக எழுதியிருக்கிறீர்கள். எல்லாம் சரியாகிவிடும் என்று நான் ஆறுதல் சொல்லப்போவதில்லை; அவளிடம் சரியாக வேண்டியது எதுவும் இல்லை. பெரியப்பா சொன்னார் என்பதற்காகக் கடன் வாங்கி அவளைக் கம்ப்யூட்டர் சயின்ஸில் சேர்ப்பதுதான் எனக்குக் கவலை. வட்டியை அவரா கட்டப்போகிறார்?

அவள் செய்வதையே வேலையாகச் செய்பவர்கள் இருக்கிறார்கள். ஆவணப்படங்களுக்குப் பழைய காட்சிகளைத் தேடித் தரும் ஆய்வாளர்கள். இயக்குநர் பத்து நொடி வெள்ளக் காட்சி கேட்பார். பிரிட்டிஷ் பாத்தே போன்ற காப்பகங்களில் தேட வேண்டும். பட்டியல் குறிப்பை அப்படியே நம்பினால் போச்சு. கடைப்பலகை, வண்டி நம்பர், நிழல் விழும் திசை எல்லாம் பார்க்க வேண்டும். பழைய கோடாக் பிலிமின் ஓரத்தில் வட்டம், சதுரம், முக்கோணம் என்று சின்னக் குறிகள் இருக்கும். பிலிம் தயாரான ஆண்டை அவை சொல்லும். வேடிக்கை என்னவென்றால், அதே குறிகள் 20 ஆண்டுக்கு ஒருமுறை திரும்ப வந்தன. 1927-ஆ, 1947-ஆ என்று காட்சியில் ஓடும் காரை வைத்துத்தான் முடிவு செய்வார்கள். உங்கள் மகள் சீருடையை வைத்துச் செய்தது இதைத்தானே?

2019-ல் வெளியான அப்போலோ 11 ஆவணப்படத்துக்காகத் தேடியபோது, அமெரிக்க தேசியக் காப்பகத்தில் அதுவரை வெளிவராத 65 மி.மீ. அகலப் பிலிம் சுருள்கள் கிடைத்தன. படத்தின் உயிரே அவைதான்.

தேடுவது பாதி வேலை. மீதி, உரிமை வாங்குவது. டிவிக்கு மட்டுமா, ஓடிடிக்கும் சேர்த்தா? எத்தனை ஆண்டு, எந்தெந்த நாடு? கட்டணம் பெரும்பாலும் நொடி அல்லது நிமிடக் கணக்கு. நாசா எடுத்த காட்சிகளுக்குப் பொதுவாகக் காப்புரிமை கிடையாது. ஆனால் ஒரு காட்சியின் பின்னணியில் யாருடைய பாட்டாவது ஒலித்தால் அதற்குத் தனி அனுமதி வேண்டும். எதை எங்கிருந்து எடுத்தோம் என்று டைம்கோடோடு (காட்சி வரும் துல்லியமான நேரக் குறிப்போடு) குறித்து வைக்காதவர் கடைசி வாரத்தில் அழுவார்.

இதற்குத் தனிப் பட்டம் தேவையில்லை. வரலாறோ நூலக அறிவியலோ படிக்கட்டும், கூடவே இன்னொரு மொழி. வருமானம் சீராக வராது. ஒரு படம் முடிந்து அடுத்தது வரும்வரை கை காய்ந்த மாதங்கள் உண்டு. கல்விக் கடன் கூடவே கூடாது என்று நான் பிடிவாதமாகச் சொல்வது அதனால்தான்.

அப்புறம், உங்கள் கடிதம் நான்கு பக்கம். அவளுக்கு என்ன ஆசை என்று அதில் ஒரு வரிகூட இல்லை. அடுத்த கடிதத்தை அவளே எழுதட்டும்.