சிகாகோ மேயர் எலெக்‌ஷன்ல கட்சி பேரே கிடையாதாமே, அப்புறம் எதை வெச்சு ஓட்டு போடுவீங்க?

கட்சி எல்லாம் இருக்குங்க, ஓட்டுச்சீட்டுல தான் இல்ல. இங்க மேயருக்கு நிக்கிறவங்க முக்காவாசி டெமாக்ரட் தான், அதனால சீட்டுல கட்சி பேர் போட்டிருந்தாலும் நமக்கு பெருசா ஒண்ணும் புரிஞ்சிருக்காது.

1999லேர்ந்து தான் இப்படி. அதுக்கு முன்னாடி கட்சிக்குள்ளயே ப்ரைமரி வெப்பாங்க, அதாவது கட்சி வேட்பாளர் யாருன்னு முடிவு பண்ற ஓட்டு. 1983ல டெமாக்ரட் ப்ரைமரில ஜேன் பைர்ன், ரிச்சர்ட் டேலி ரெண்டு பேரும் ஓட்டை பிரிச்சுக்க, 36 சதவீதம் வாங்கின ஹெரால்டு வாஷிங்டன் அதுல ஜெயிச்சு, அப்புறம் சிகாகோவோட முதல் கறுப்பின மேயராவும் ஆனார். இப்ப பிப்ரவரி ஓட்டுல பாதிக்கு மேல வாங்கியே ஆகணும், யாரும் வாங்கலேன்னா முதல் ரெண்டு பேருக்கு மட்டும் ஏப்ரல்ல ரன்ஆஃப், அதாவது ரெண்டாவது சுத்து ஓட்டு.

நான் இங்க முதல்ல ஓட்டு போட்டது 2019ல. சின்னம் இல்ல கட்சி இல்ல, வரிசையா 14 பேர். அதுல லோரி லைட்ஃபுட் வெறும் 17.5 சதவீதத்துல முதல் இடம் வந்து, ரன்ஆஃப்ல 50 வார்டையும் அள்ளிட்டாங்க. நாலு வருஷம் கழிச்சு 2023 பிப்ரவரி 28, மேயரா இருந்துட்டே நின்னாங்க, கிட்டத்தட்ட அதே 17 சதவீதம், ஆனா இந்த தடவை மூணாவது இடம், பதவி போயிடுச்சு. இதை நேர்ல பார்த்ததுலேர்ந்து பிப்ரவரி ஓட்டை நான் விடுறதே இல்ல.

சரி எதை வெச்சு போடுவோம்னா, யார் பின்னாடி யார் நிக்கிறாங்கன்னு பார்க்கணும். 2023ல பால் வாலஸுக்கு போலீஸ் யூனியன், பிராண்டன் ஜான்சனுக்கு டீச்சர்ஸ் யூனியன், சின்னம் செய்யுற வேலையை இங்க யூனியன் செய்யுது. என் பொண்ணு படிக்கிறது பப்ளிக் ஸ்கூல், அதாவது இங்க அரசு பள்ளி, வாலஸ் அந்த ஸ்கூல்களை எல்லாம் நடத்தினவர், ஜான்சன் அதுலயே டீச்சரா இருந்தவர், அதனால ரெண்டு பேரும் ஸ்கூல் பத்தி பேசினதை மட்டும் உக்கார்ந்து முழுசா கேட்டேன், மத்ததெல்லாம் அப்புறம் தான்னு. பிப்ரவரில வாலஸ் 33, ஜான்சன் 22. ஏப்ரல் 4ல பார்த்தா ஜான்சன் கிட்டத்தட்ட 52 சதவீதம்! தெற்கு, மேற்கு பக்கம் லைட்ஃபுட்டுக்கு விழுந்த கறுப்பின மக்கள் ஓட்டுல பெரும்பகுதி அவர் பக்கம் வந்துடுச்சு.

ஃப்ரெண்ட்ஸ் பாதி பேர் "குளிர்ல யார் போறது, ஏப்ரல்ல பாத்துக்கலாம்"னு சொல்வாங்க. ஏப்ரல் சீட்டுல யார் பேர் இருக்கணும்னு முடிவாகுறதே அந்த குளிர்ல தானே, அடுத்தது 2027 பிப்ரவரில வருது, எங்க பில்டிங்ல இருக்குற எல்லார்கிட்டயும் சொல்லி வெச்சிருக்கேன்.