14 சட்டை போட்ட மனுசன்: ஒரு கடிதமும் பதிலும்

வணக்கம் சார்,

அட்லாண்டா பக்கம் பத்து வருஷமா இருக்கோம். என் பையனுக்கு 12 வயசு, பேஸ்பால் பைத்தியம். ஸ்கூல்ல ‘எனக்குப் பிடிச்ச விளையாட்டு வீரர்’னு எழுதச் சொன்னா எட்வின் ஜாக்ஸன்னு ஒரு பிட்சரப் (பால் போடறவர்) பத்தி எழுதி வச்சிருக்கான். நம்ம ஜார்ஜியாவுல வளந்து படிச்சவன், 14 டீம்ல ஆடுன ரெக்கார்டு இருக்கு, டம்பா டீமுக்காக நோ-ஹிட்டர் போட்டான்னு ஒரே புகழ்ச்சி. நான் தேடிப் பாத்தேன், பிட்சர் பேர்ல எழுதற கணக்குல 107 மேட்ச் ஜெயிச்சு 133 தோத்திருக்கான். ஒரு இடத்துல ஒழுங்கா இருந்திருந்தா எதுக்கு சார் 14 டீம்? நிலையில்லாத ஒருத்தனப் போயி பையன் முன்மாதிரியா எடுத்துக்கறது எனக்கு உறுத்தலா இருக்கு. நீங்க பேஸ்பால் பத்தி அப்பப்ப எழுதறதால கேக்கறேன்.

எஸ்., அட்லாண்டா

அன்புள்ள எஸ்.,

பையனுக்கு முதல்ல என் வாழ்த்து, ஏன்னா அந்த வயசுல எல்லாரும் ஹோம் ரன் அடிக்கறவன் படத்த சுவத்துல ஒட்டும்போது இவன் இப்படி ஒரு ஆளத் தேடிப் பிடிச்சிருக்கானே, அதுவே பெரிய விஷயம்.

“ஒழுங்கா இருந்திருந்தா”ன்னு கேட்டிருக்கீங்க பாருங்க, அங்கதான் எனக்கு இடிக்குது. ஏதோ வேலை பிடிக்காம ரிசைன் பண்ணிட்டு ரிசைன் பண்ணிட்டு ஓடுன மாதிரி கேக்கறீங்க. ஜாக்ஸன் 2001-ல லாஸ் ஏஞ்சல்ஸ் டீம் டாட்ஜர்ஸ் டிராஃப்ட்ல (டீமுங்க புதுப் பசங்களத் தேர்ந்தெடுக்கறது) எடுத்த பையன், 2003 செப்டம்பர் 9, சரியா தன்னோட 20-வது பிறந்தநாள் அன்னிக்கு முதல் மேட்ச், எதிர்ல பால் போட்டது ராண்டி ஜான்ஸன், அந்த மேட்ச்ச ஜெயிச்சான். அப்புறம் லாஸ் ஏஞ்சல்ஸ்லேருந்து டம்பா, அங்கேருந்து டெட்ராய்ட், அரிசோனா, சிகாகோ வொயிட் ஸாக்ஸ், செயின்ட் லூயிஸ். இதுல ஒண்ணுகூட அவரு கேட்டுப் போனதில்ல, எல்லாமே டிரேடு, அதாவது ஒரு டீம் ஆட்டக்காரன இன்னொரு டீமுக்கு மாத்தி விடறது. மேஜர் லீக்ல (அமெரிக்காவோட உச்ச லீக்) 6 வருஷ சர்வீஸ் முடியற வரைக்கும் நீங்க டீமோட சொத்து, அவங்க வித்தா போகணும், போன் வரும், பெட்டிய கட்டணும், அவ்வளவுதான். 2011 முடிஞ்சு ஃப்ரீ ஏஜென்ட் (எந்த டீமோடயும் சேரலாம்) ஆனப்பதான் முதல் தடவையா “உனக்கு எங்க போகணும்”னு கேட்டாங்க. அதுக்குள்ள 6 சட்டை மாத்தியாச்சு.

மாட்டேன்னு சொல்ற உரிமை இருக்கு, ஆனா யாருக்கு இருக்குன்னு பாருங்க. 1969-ல கர்ட் ஃப்ளட்னு செயின்ட் லூயிஸ் ஆட்டக்காரர், பிலடெல்ஃபியாவுக்கு டிரேடு பண்ணதும் நான் என்ன மாடா ஆடா வாங்கி விக்கறதுக்குன்ற மாதிரி கேஸ் போட்டாரு. 1972-ல சுப்ரீம் கோர்ட்ல தோத்தாரு, அவரு கெரியரும் போச்சு. ஆனா அதுக்கு அடுத்த வருஷமே ஒரு விதி வந்துச்சு: மேஜர் லீக்ல 10 வருஷம் ஆடி, அதுல கடைசி 5 வருஷம் ஒரே டீம்ல இருந்தா உன் சம்மதம் இல்லாம உன்ன டிரேடு பண்ண முடியாது. நல்ல விதிதான். ஆனா பாருங்க, அடிக்கடி தூக்கி வீசப்படறவனுக்குத்தான் இந்தப் பாதுகாப்பு தேவை, அவனுக்கு அந்த 5 வருஷம் எங்கேருந்து வரும்? மேஜர் லீக்ல ஜாக்ஸன் ஒரே டீம்ல தொடர்ந்து இருந்தது அதிகபட்சம் 3 சீசன். (இப்படி டீம் டீமா மாறிப் போற ஆட்டக்காரன ஜர்னிமேன்னு சொல்றாங்களே, அதுல ஜர்னிய பயணம்னு நெனச்சுடாதீங்க, பிரெஞ்சுல நாள்னு அர்த்தம் வர்ற சொல்லுலேருந்து வந்தது, நாள் கூலிக்கு வேலை செய்யற தொழில் தெரிஞ்ச ஆளு.)

இப்ப அந்த நோ-ஹிட்டருக்கு வரேன், ஏன்னா இந்த மனுசன் மொத்தமும் அந்த ஒரு ராத்திரியில இருக்கு. 2010 ஜூன் 25. நோ-ஹிட்டர்னா ஒரு மேட்ச் முழுக்க எதிர் டீம்ல ஒருத்தன்கூட ஹிட் (பால அடிச்சு பேஸுக்குப் போறது) அடிக்கக் கூடாது. பெரும்பாலும் அப்படிப் போடறவங்க அன்னிக்கு சாமி வந்த மாதிரி போடுவாங்க. நம்ம ஆளு? 9 இன்னிங்ஸ் மேட்ச்சுல முதல் 3 இன்னிங்ஸ்லயே 7 பேருக்கு வாக் (4 தப்பான பால் போட்டு, அடிக்காமலே பேஸுக்கு அனுப்பறது) குடுத்துட்டாரு, மூணாவது இன்னிங்ஸ்ல ஒரு அவுட்டும் விழல, மூணு பேஸும் நிரம்பிக் கிடக்கு. எந்த மேனேஜரா இருந்தாலும் மாத்து பிட்சருங்க காத்திருக்கற புல்பென்னுக்கு போன் போட்டிருப்பாரு. அதுலேருந்து ஒரு ரன்கூட குடுக்காம வெளிய வந்தாரு. அப்படியே தள்ளிக்கிட்டே போய் மொத்தம் 149 பால், 8 வாக், 1-0 ஜெயிப்பு. இந்தக் காலத்துல 100 பால் தாண்டுனாலே கைய காப்பாத்தணும்னு எடுத்துடுவாங்க, 149-லாம் யாரும் விடமாட்டாங்க. அழகான ஆட்டம்னு சொல்ல முடியாது, பாக்கறவனுக்கு வயித்தக் கலக்கும், ஆனா ஹிட் விழல.

அடுத்து நடந்தத கேளுங்க. ஒரு வாரத்துல அந்த மேனேஜர் ஏ. ஜே. ஹிஞ்ச்ச வேலையவிட்டு தூக்குனாங்க. அஞ்சு வாரத்துல, ஜூலை 30, ஜாக்ஸனையும் சிகாகோவுக்கு டிரேடு பண்ணிட்டாங்க. அரிசோனா சரித்திரத்துலயே ரெண்டாவது நோ-ஹிட்டர் போட்டவர, அந்த சீசன் முடியற வரைக்கும்கூட வச்சுக்கல. (அவர அரிசோனா வாங்குன டிரேடுல டெட்ராய்ட்டுக்குப் போனது மேக்ஸ் ஷெர்ஸர், பின்னாடி சிறந்த பிட்சருக்கான சை யங் அவார்ட 3 தடவ வாங்குனவர். அதனால அந்த டிரேட பத்தி யார் பேசுனாலும் ஜாக்ஸன் பேரு நஷ்டக் கணக்குலதான் வரும், பாவம்.)

2011 ஜூலை 27 இன்னும் கூத்து. காலைல வொயிட் ஸாக்ஸ் ஆளு, டொராண்டோவுக்கு டிரேடு ஆகி, அன்னிக்கே அங்கேருந்து செயின்ட் லூயிஸ். டொராண்டோ சட்டைய போடவே இல்ல, காகிதக் கணக்குல மட்டும் சில மணி நேரம் அவங்க ஆளு. அந்த அக்டோபர்ல செயின்ட் லூயிஸ் வேர்ல்டு சீரிஸ் (மேஜர் லீக் சாம்பியன் பட்டம்) ஜெயிச்சு மோதிரம் கைக்கு வந்துச்சு. டொராண்டோ சட்டைய கடைசியில 2019-ல போட்டாரு. அதுதான் 14-வது டீம், ரெக்கார்டு அங்கதான் ஆச்சு. ஓக்லாண்டு அவர பணத்துக்கு வித்தது, பதிலுக்கு ஒரு ஆட்டக்காரன்கூட கிடையாது.

நிலையில்லாதவன்னு சொன்னீங்க. 2007-லேருந்து 2013 வரைக்கும் 7 சீசன், ஒவ்வொண்ணுலயும் 30 மேட்ச்சுக்கு மேல ஸ்டார்ட் (மேட்ச்சோட முதல் பிட்சரா இறங்கறது) பண்ணியிருக்காரு. ஒரு சீசன்ல 162 மேட்ச், அஞ்சு ஸ்டார்ட்டர் மாத்தி மாத்திப் போடணும், முழங்கை போச்சு தோள் போச்சுன்னு மாசத்துக்கு ஒருத்தன் படுத்துக்குவான். அதுல அஞ்சு நாளைக்கு ஒருதடவ தவறாம வந்து, மணிக்கு 150 கிலோமீட்டருக்கு மேல வீசி, நல்ல நாளோ கெட்ட நாளோ ஆறு இன்னிங்ஸ இழுத்துட்டுப் போற ஆளுக்கு எப்பவும் தேவை இருக்கும். ஊரு, கேட்சர், சிக்னல் எல்லாம் மாறும், வாடகை வீடு மாறும், ஆனா வெள்ளிக்கிழமை உன் முறைன்னா வெள்ளிக்கிழமை போய் நிக்கணும்.

தோத்ததும் நிறையதான், மறைக்கல. 2013-ல நான் சிகாகோவுல இருந்தேன், கூட வேலை பாத்தவர் ஒருத்தர் கப்ஸ்னு சிகாகோவோட இன்னொரு டீம், அதோட மைதானம் ரிக்லி ஃபீல்டுக்கு இழுத்துட்டுப் போனாரு, அன்னிக்கு ஜாக்ஸன் பால் போடறாரு. கப்ஸ் 4 வருஷத்துக்கு 52 மில்லியன் டாலர் குடுத்து வாங்கியிருந்தாங்க. பின் வரிசையில ஒரு பெரியவர் ஒவ்வொரு வாக்குக்கும் “52 மில்லியன்... 52 மில்லியன்...”னு மந்திரம் மாதிரி முனகிக்கிட்டே இருந்தாரு, அவரத் திட்டவும் முடியல. அந்த வருஷம் 18 தோல்வி, லீக்லயே அதிகம். 2015-ல நடுவுலயே கழட்டி விட்டுட்டாங்க. இதுல எனக்கும் வக்காலத்து வாங்க எதுவும் இல்ல, அந்த ரெண்டு மூணு வருஷம் மோசமாத்தான் போட்டாரு.

ஆனா அதுக்கப்புறம் பாருங்க, 52 மில்லியன் சம்பாதிச்சவரு, வீட்ல உக்காந்திருக்கலாம், கீழ்மட்ட லீக்கான மைனர் லீக் கான்ட்ராக்ட்ல கையெழுத்துப் போட்டு 22 வயசு பசங்களோட போய் நின்னாரு. 2018-ல அப்படித்தான் ஓக்லாண்டுக்கு வந்து 6 ஜெயிப்பு 3 தோல்வி, அந்த வருஷம் அவங்க பிளே-ஆஃபுக்குப் போனதுல இவரு பங்கு இருக்கு. 2021-ல டோக்கியோ ஒலிம்பிக்ஸ்ல அமெரிக்க டீம்ல வெள்ளிப் பதக்கம், அடுத்த மாசம், 38 முடிஞ்ச மறுநாள் ரிட்டயர்.

ஒரு பன்னெண்டு வயசுப் பையன் இந்தாள எழுதுனதுல உறுத்தறதுக்கு என்ன இருக்குன்னு எனக்கு நிஜமா புரியல. கட்டுரையில ஒரு தப்பு மட்டும் இருக்கு. நோ-ஹிட்டர் போட்டது டம்பாவுக்காக இல்ல, டம்பாவுக்கு எதிரா, தன்ன வித்த டீமுக்கு எதிரா, அவங்க ஊர்லயே, அரிசோனா சட்டையில. டீச்சர்கிட்ட குடுக்கறதுக்கு முன்னாடி திருத்தச் சொல்லுங்க.