‘உங்களுக்கு எதற்கு இது?’

கேள்வி: லண்டனில் வேலை பார்க்கும் என் அக்காள் மகள், அங்கே பாலியல் சாதனங்கள் விற்கும் ஒரு கடை பெண்களுக்காகவே தொடங்கப்பட்டது என்றும், ஆண்கள் தனியாக வந்தால் உள்ளே விடமாட்டார்கள் என்றும் சொன்னாள். இது உண்மையா? இப்படிப்பட்ட கடைகள் எப்படித் தோன்றின?
— ஒரு வாசகி, தக்கலை

பதில்: உண்மைதான். லண்டனின் ஹாக்ஸ்டன் பகுதியில் 1992-இல் தொடங்கிய ‘ஷ்!’ என்ற கடையில், ஒரு பெண்ணுடன் வந்தால்தான் ஆணுக்கு அனுமதி என்ற விதி இருந்தது. ஆனால் இந்த வரலாறு லண்டனுக்கு வெகு முன்பே தொடங்கிவிட்டது.

ஜெர்மனியில் விமானியாக இருந்த பேயாட்டே ஊஸே என்ற பெண்மணி, இரண்டாம் உலகப் போர் முடிந்தபின் விமானம் ஓட்டத் தடை இருந்ததால் வீடு வீடாகச் சென்று பொருள் விற்றார். அப்போது, வறுமையில் இன்னொரு குழந்தை வந்துவிடுமோ என்ற அச்சத்தைப் பெண்கள் அவரிடம் மனம்விட்டுச் சொன்னார்கள். அதைக் கேட்டு, கருத்தரிக்காத நாள்களைக் கணக்கிடும் முறையை விளக்கும் சிறு வெளியீடு ஒன்றை அவர் அச்சிட்டு விற்றார். அந்தத் தொழில் வளர்ந்து, 1962-இல் ஃபிளென்ஸ்பர்க் நகரில் ‘மணவாழ்க்கைச் சுகாதாரம்’ என்ற கண்ணியமான பெயருடன் கடையாயிற்று. உலகின் முதல் பாலியல் சாதனக் கடை என்று அதைத்தான் சொல்வார்கள். எனினும் அது தம்பதிகளுக்கான கடை. பெண்ணை மட்டும் மனத்தில் வைத்துத் திறந்ததன்று.

அந்தப் பெருமை நியூயார்க்கைச் சேர்ந்த டெல் வில்லியம்ஸுக்கு உரியது. விளம்பரத் துறையில் பணியாற்றிய இவர், பாலியல் கல்வியாளர் பெட்டி டாட்ஸன் பெண்களுக்காக நடத்திய பாலியல் பயிலரங்கில் கலந்துகொண்டபின், மின்சார மசாஜர் ஒன்றை வாங்க ஒரு பெரிய அங்காடிக்குச் சென்றார். உடல்வலிக்கென்று வெளிப்படையாக விற்கப்பட்ட பொருள்தான் அது. ஆனால் அங்கிருந்த இளம் விற்பனையாளர், இது உங்களுக்கு எதற்கு என்று பலர் காதிலும் விழும்படி கேட்டுவிட்டார். ஐம்பது வயதைத் தாண்டிய அந்த அம்மையார் கூனிக்குறுகி வீடு திரும்பினார். வெட்கம் தணிந்தபின் கோபம் வந்தது. 1974-இல் தம் வீட்டுச் சமையலறை மேசையிலிருந்தே அஞ்சல் வழி விற்பனையாக ‘ஈவ்ஸ் கார்டன்’ நிறுவனத்தைத் தொடங்கினார். கடை பின்னர் வந்தது.

நாகர்கோவில் மருந்துக்கடையில் சானிட்டரி நாப்கின் கேட்டால் செய்தித்தாளில் சுற்றி, அதையும் கறுப்புப் பையில் போட்டுக் கொடுப்பதை நீங்களும் பார்த்திருப்பீர்கள். பொருளை விற்பவரே அதை ஒளித்துவைக்க வேண்டியதாக எண்ணும்போது, வாங்குபவர் எப்படித் தலைநிமிர்ந்து கேட்பார்? டெல் வில்லியம்ஸ் கண்டுகொண்ட குறை இதுவேயன்றிப் பொருள் கிடைக்காத குறையன்று என்பது என் கருத்து.

சான் பிரான்சிஸ்கோவில் 1977-இல் ‘குட் வைப்ரேஷன்ஸ்’ கடையைத் திறந்த ஜோனி பிளாங்க், பாலியல் கல்வியாளர். மிகச் சிறிய அறை. ஆபாசப் படங்கள் ஒட்டாத சுவர். சந்தேகங்களுக்குச் சிரிக்காமல் விளக்கம் தரும் பணியாளர்கள். வாடிக்கையாளருக்கு வேண்டியது விற்பனைப் பேச்சைவிடத் தகவலே என்று அவர் நம்பினார். பழைய மின் அதிர்வுக் கருவிகளையும் சேகரித்துக் காட்சிக்கு வைத்தார். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அவை வீட்டு உபயோகப் பொருள்களாகவே அமெரிக்கப் பத்திரிகைகளில் விளம்பரமாயின. (அக்கால மருத்துவர்கள் இவற்றைக் கொண்டு பெண்களின் நரம்புக் கோளாறு என்று அன்று கருதப்பட்ட ‘ஹிஸ்டீரியா’வைக் குணப்படுத்தினார்கள் என்று பரவலாக உலவும் கதைக்கு வலுவான சான்று இல்லை.) 1992-இல் அவர் கடையைப் பணியாளர்களின் கூட்டுறவுக்கே மாற்றிக் கொடுத்தார். கூட்டுறவுச் சங்கங்களோடு பழகிய நம் மாவட்டத்தாருக்கு இந்தச் செய்தி சற்று வியப்பளிக்கலாம்.

கேள்வி: இத்தகைய பொருள்களை விற்பது நம் நாட்டில் குற்றமா?
— ஒரு வாசகர், மார்த்தாண்டம்

பதில்: இவற்றைப் பெயர் சொல்லித் தடை செய்யும் தனிச் சட்டம் இல்லை. ஆபாசப் பொருள் விற்பனையைத் தண்டிக்கும் பழைய இந்திய தண்டனைச் சட்டத்தின் 292-ஆம் பிரிவு, 2024 ஜூலை முதல் பாரதிய நியாய சன்ஹிதாவின் 294-ஆம் பிரிவாகத் தொடர்கிறது. எது ஆபாசம் என்பதில்தான் வழக்கே எழுகிறது. உறையில் அச்சிடும் படமும் வாசகமும்கூடச் சிக்கலாகலாம். இறக்குமதிக்கு, ஆபாசப் பொருள்களைத் தடுக்கும் 1964-ஆம் ஆண்டின் சுங்க அறிவிக்கை ஒன்றும் குறுக்கே நிற்கிறது. அதன்படி உடல் மசாஜர்களைச் சுங்கத்துறை பறிமுதல் செய்த வழக்கொன்றில், அவற்றை வேறு விதமாகவும் பயன்படுத்தக்கூடும் என்பது அதிகாரியின் கற்பனையே என்று கூறி, பம்பாய் உயர் நீதிமன்றம் 2024 மார்ச்சில் துறையின் மேல்முறையீட்டை ஏற்க மறுத்தது. நியூயார்க் அங்காடியில் அந்த இளைஞர் கேட்ட அதே கேள்வியை இங்கே சுங்கத்துறை கேட்டிருக்கிறது.