பாட்டோடு நின்றிருந்தால்?

கேள்வி: ஜெர்மனியில் பிறந்த ஓபரா பாடகி மரியா மக்சாகோவா, தொலைக்காட்சியில் நிகழ்ச்சி நடத்திப் புகழ் பெற்றார். ரஷ்ய நாடாளுமன்றத்திலும் உட்கார்ந்தார். கடைசியில் நாட்டை விட்டு வெளியேறி, கணவரையும் துப்பாக்கிக்குப் பறிகொடுத்தார். பாட்டோடு நின்றிருந்தால் இந்தக் கதி வந்திருக்குமா? கலைஞர்களுக்கு அரசியல் எதற்கு?
– வாசகர் ஒருவர், கும்பகோணம்

பதில்: கேள்வி கேட்கும்போதே தீர்ப்பையும் எழுதிவிட்டீர்கள். அந்தத் தீர்ப்பை நான் ஏற்கவில்லை.

பாட்டோடு நின்ற ஒருவரை அந்தக் குடும்பத்திலேயே காட்டுகிறேன். பாடகியின் பாட்டி. அவர் பெயரும் மரியா மக்சாகோவாதான். பேத்திக்கு அந்தப் பெயரைத்தான் வைத்தார்கள். 1902இல் வோல்கா கரையிலுள்ள அஸ்திராகானில் பிறந்து, 1923இல் மாஸ்கோவின் பல்ஷோய் அரங்குக்கு வந்தவர். ‘கார்மென்’ ஓபராவின் நாயகி வேடம் என்றால் ரஷ்யர்கள் அவர் பெயரைச் சொன்ன காலம் ஒன்று இருந்தது. அவருடைய கணவர் யாக்கவ் தாவ்த்யான், போலந்தில் சோவியத் தூதர். 1937 நவம்பரில் அவரைப் பிடித்துக்கொண்டு போனார்கள். அடுத்த ஆண்டு ஜூலையில் சுட்டுக் கொன்றார்கள். மனைவி அதே மாஸ்கோவில், அதே மேடையில் தொடர்ந்து பாடினார். பாடாமல் இருக்க முடியுமா? பிறகு அதே அரசு அவருக்கு ஸ்டாலின் பரிசை மூன்று முறை கொடுத்தது: 1946, 1949, 1951. கணவரைக் கொன்ற கையிடமிருந்து மூன்று முறை பரிசு வாங்கிக்கொண்டு, வீட்டுக்கு வந்து, மறுநாள் சாதகம் செய்ய உட்கார வேண்டும். எனக்கு அதை நினைக்கும்போதே தொண்டை அடைக்கிறது. அந்தப் பெண் எந்தத் தேர்தலில் நின்றார், எந்த மேடையில் முழங்கினார், சொல்லுங்கள்.

இனி பேத்தியிடம் வருவோம். 1977இல் மியூனிக்கில் பிறந்தவர். தந்தை ஜெர்மன் குடிமகன், லாட்விய வம்சாவளி. தாய் லுத்மிலா மக்சாகோவா, மாஸ்கோ வஹ்தாங்கவ் நாடக அரங்கின் பெயர்பெற்ற நடிகை. க்னெசின் இசைக் கழகத்தில் பாட்டு படித்த மகள், கூடவே சட்டமும் படித்தார். நோவயா ஓபரா, ஹெலிகான் ஓபரா என்று மாஸ்கோவில் பாடி, பிறகு பீட்டர்ஸ்பர்க்கின் மரீன்ஸ்கி ஓபரா அரங்குக்குப் போனார். ஆனால் வீட்டுக்கு வீடு அவரைக் கொண்டுபோய்ச் சேர்த்தது குல்தூரா தொலைக்காட்சியில் வந்த ரொமான்ஸ் நிகழ்ச்சி. ரொமான்ஸ் என்பது ரஷ்யர்களுக்குத் தனியான பாட்டு வகை. ஒரு கவிஞரின் வரிகள், ஒரு கிதார் அல்லது பியானோ, ஒரு குரல், அவ்வளவுதான். பிரிவும் ஏக்கமும் பழைய காதலும்தான் பொருள். ஓபரா அரங்கின் பக்கம் தலைவைத்தும் படுக்காதவர்கள்கூட ரொமான்ஸ் என்றால் உட்கார்ந்து கேட்பார்கள். அந்த நிகழ்ச்சியை நடத்தியவர்களில் ஒருவராக அவர் திரையில் தோன்றியபோது, பாட்டி பெயரை மறந்திருந்தவர்களுக்கும் அது ஞாபகம் வந்தது.

2011 டிசம்பர் தேர்தலில் ஆளும் ஐக்கிய ரஷ்யா கட்சி அவரை வேட்பாளராக்கியது. எந்த ஊர்ப் பட்டியலில்? அஸ்திராகான். பாட்டி பிறந்த ஊர், இன்றும் பாட்டி பெயரில் இசை விழா நடக்கும் ஊர். கட்சிக்கு வேண்டியிருந்தது அந்தக் குடும்பப் பெயரும், தொலைக்காட்சியால் பழகிய முகமும். 450 பேர் கொண்ட தூமா என்ற அந்த அவையில் அவரைக் கொலுப் பொம்மையைப் போல உட்காரவைத்தார்கள். எனவே "பாடகி அரசியலுக்குப் போனார்" என்று நீங்கள் எழுதுவதில் பாதிதான் சரி. அரசியல் அவர் வீட்டுக்கு வந்து அவரை அழைத்துப்போனது. அவர் மறுக்கவில்லை; மறுத்திருக்கலாம். அந்தப் பொறுப்பிலிருந்து நான் அவரை விடுவிக்கவில்லை.

பிறகு அவர் பேச ஆரம்பித்தார். 2013 ஜூனில், ஒருபாலுறவு பற்றிச் சிறுவர்கள் காதில் விழும்படி நல்ல விதமாகப் பேசுவதைக் குற்றமாக்கும் சட்டம் தூமாவில் நிறைவேறியது. ஆதரவு 436, எதிர்ப்பு பூஜ்யம். அன்று அவரும் எதிர்த்து வாக்களிக்கவில்லை என்பது அந்த எண்ணிக்கையிலேயே தெரிகிறது. ஆனால் அதே ஆண்டு டிசம்பரில் அவையில் எழுந்து, இந்தச் சட்டம் மனிதர்கள் மீது வெறுப்பைத்தான் கிளப்பிவிட்டிருக்கிறது, இதைத் திரும்பிப் பார்க்க வேண்டும் என்று சொன்னார். ஆளும் கட்சி வரிசையில் உட்கார்ந்துகொண்டு இதைச் சொல்ல எத்தனை பேருக்கு நெஞ்சுரம் இருந்தது? ஒரு வாக்குகூட எதிராக விழாத அவையில், ஆறு மாதம் கழித்தாவது ஒருவர் வாய்திறந்தாரே என்று நான் அவரை மதிக்கிறேன். தாமதம்தான். அதற்காக அந்தப் பேச்சின் மதிப்பு எனக்குக் குறையவில்லை.

2015இல் தெனிஸ் வரனென்கோவை மணந்தார். அவரும் தூமா உறுப்பினர், கம்யூனிஸ்ட் கட்சிக்காரர். இரண்டு கட்சிகளின் உறுப்பினர்கள் அவைக்குள்ளேயே கைப்பிடித்ததைப் பத்திரிகைகள் கொண்டாடின. அவைத்தலைவர் நரிஷ்கினே திருமணத்துக்கு வந்தார். வரனென்கோவ் அப்பழுக்கற்றவர் என்று நான் சொல்லமாட்டேன். மாஸ்கோவில் ஒரு கட்டடத்தை அபகரித்த வழக்கில் அவர் பெயர் அடிபட்டது. 2014 மார்ச் 20இல் உக்ரைனின் கிரிமியாவை ரஷ்யாவோடு இணைக்கும் ஒப்பந்தத்துக்குத் தூமா 443 வாக்குகளால் ஒப்புதல் தந்தபோது, ஆதரித்தவர்கள் பட்டியலில் அவரும் இருந்தார். என் வாக்கு அட்டையை வேறு யாரோ பயன்படுத்திவிட்டார்கள் என்று பின்னாளில் சொன்னார். எதிர்த்து விழுந்தது ஒரே ஒரு வாக்கு. அது இல்யா பொனமார்யோவ் போட்டது.

2016 செப்டம்பர் தேர்தலோடு தம்பதியின் பதவி போனது. பதவியோடு கணவரின் சட்டப் பாதுகாப்பும் போனது. அக்டோபரில் கைக்குழந்தையோடு கீவுக்குப் போனார்கள். கணவர் உக்ரைன் குடியுரிமை பெற்று, உக்ரைனின் முன்னாள் அதிபர் யானுகோவிச்சுக்கு எதிரான வழக்கில் வாக்குமூலம் கொடுத்தார். 2017 மார்ச் 23, முற்பகல். கீவ் நகரின் நடுவில் பிரீமியர் பேலஸ் ஹோட்டல் வாசல். வரனென்கோவ் அங்கே பார்க்கப் போய்க்கொண்டிருந்தது யாரைத் தெரியுமா? அந்த ஒற்றை எதிர்வாக்குப் போட்ட பொனமார்யோவை. நடைபாதையிலேயே சுட்டு வீழ்த்திவிட்டார்கள். சுட்டவனைப் பாதுகாவலர் திருப்பிச் சுட்டார். அவனும் மருத்துவமனையில் இறந்துபோனான். மக்சாகோவா ஓடிவந்தபோது சாலையில் காவல்துறை நாடா கட்டியிருந்தது. இரண்டு பக்கமும் ஆட்கள் தாங்கிப்பிடிக்க, நிற்க முடியாமல் அவர் கதறிய படம் உலகம் முழுவதும் போனது. ஆயிரம் பேர் எதிரில் மூச்சை அளந்துவிடப் பழகிய ஒருவர், மூச்சு கிடைக்காமல் தவித்ததை அந்தப் படத்தில் பார்த்தேன்.

கொலைக்கு ஆணையிட்டது ரஷ்ய உளவுத்துறை என்றது கீவ். அபத்தம் என்றது மாஸ்கோ. பாடகியின் முன்னாள் துணைவர் ஒருவரைக் கொண்டு அந்தக் காரியத்தைச் செய்ததாக உக்ரைன் அரசுத் தலைமை வழக்கறிஞர் பின்னர் குற்றம் சாட்டினார். எப்படியானாலும், அந்தத் துப்பாக்கிக்கும் அவர் ரொமான்ஸ் பாடுவதை விட்டுத் தேர்தலில் நின்றதற்கும் நீங்கள் போடும் முடிச்சு நிற்காது. பாட்டி தேர்தலில் நிற்கவில்லை. பாட்டியின் கணவருக்கும் குண்டுதான் கிடைத்தது.

குடியுரிமை விஷயத்தையும் சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் அடுத்த கடிதத்தில் நீங்களே கேட்பீர்கள். ரஷ்ய நாடாளுமன்ற உறுப்பினர் வேறு நாட்டுக் குடியுரிமை வைத்திருக்கக் கூடாது. அவரிடம் ஜெர்மன் குடியுரிமை இருந்தது. அதோடு அவையில் உட்கார்ந்தது தவறு, சட்டம் படித்தவர் செய்த தவறு. ஆனால் மியூனிக்கில் பிறந்தவர், தந்தை ஜெர்மன்காரர் என்பது ஊரறிந்த செய்தி. ஐந்து ஆண்டு அவையில் இருந்தவரைக் கட்சி அப்போது விலக்கவில்லை. அவர் கீவுக்குப் போன பிறகு, 2017 தொடக்கத்தில் அதே காரணத்தைச் சொல்லிக் கட்சியிலிருந்து நீக்கினார்கள். அவர் பாட்டு சொல்லிக்கொடுத்த க்னெசின் கழகமும் அவரைப் பணியிலிருந்து விலக்கியது. மாணவிகளுக்கு ஸ்வரம் திருத்துவதற்கும் குடியுரிமைக்கும் என்ன சம்பந்தம்? இந்த இடத்தில்தான் எனக்குக் கோபம் வருகிறது. பாட்டோடு நில் என்று சொல்கிறீர்களே, நிற்கவா விட்டார்கள்?

கடைசியாக, கலைஞர்களுக்கு அரசியல் எதற்கு என்ற உங்கள் வரி. அதே தூமாவில் யோசிஃப் கப்ஸோன் என்ற பாடகரும் இருந்தார். 1997 முதல் 2018இல் சாகும் வரை உறுப்பினர். 2014 அக்டோபரில், போர் நடந்துகொண்டிருந்த கிழக்கு உக்ரைனின் தனெத்ஸ்க் நகரின் ஓபரா அரங்கில் பிரிவினைப் படைகளின் தலைவரைப் பக்கத்தில் நிறுத்திக்கொண்டு பாடினார். அவரைப் பாட்டோடு நில் என்று மாஸ்கோவில் எந்தப் பெரிய மனிதரும் சொல்லவில்லை.

மரீன்ஸ்கியின் தலைவரும் இசைக்குழு நடத்துனருமான வலேரி கெர்கியெவ் இன்னொருவர். கிரிமியாவை எடுத்துக்கொண்டதை ஆதரித்த கலைஞர்களின் கடிதத்தில் 2014இல் அவர் கையெழுத்தும் இருந்தது. மக்சாகோவா பிறந்த மியூனிக் நகரின் இசைக்குழுவையும் அவர்தான் நடத்திவந்தார். 2022இல் உக்ரைன் மீது படையெடுப்பு நடந்தபோது, அதைக் கண்டித்து ஒரு வார்த்தை சொல்லுங்கள் என்று மியூனிக் மேயர் கெடு வைத்துக் கேட்டார். கெர்கியெவ் வாய்திறக்கவில்லை. மார்ச் 1 அன்று வேலை போனது. அடுத்த ஆண்டு டிசம்பரில், பாட்டி மக்சாகோவா கார்மெனாகப் பாடிய பல்ஷோய் அரங்கையும் மாஸ்கோ அவர் கையில் கொடுத்தது.