பீரோவில் இருக்கும் ஆர்டரை எடுத்து அவனிடம் காட்டுங்கள்

கேள்வி: என் மகன் பிளஸ் டூ படிக்கிறான். ஒரு வருஷமாக ஒரு நோட்டில், எங்குமே இல்லாத ஒரு கழகத்தைப் பற்றி எழுதிக்கொண்டே இருக்கிறான். குறுக்குத்துறைப் பக்கம் ஆற்றங்கரையில் இருக்கிறதாம், நடக்காமல் போன சரித்திரத்தையும் காலத்தையும் மட்டுமே அங்கே ஆராய்ச்சி பண்ணுவார்களாம். காலேஜிலும் வரலாறுதான் எடுப்பேன் என்கிறான். கிறுக்குப் பிடித்துவிட்டது, டாக்டரிடம் காட்டுங்கள் என்கிறார் என் கொழுந்தனார். நாலு பக்கத்தைப் போட்டோ எடுத்து அனுப்பியிருக்கிறேன். நாலாவது பக்கம் என்னைப் பற்றியது. கல்யாணத்துக்கு முன் விளாத்திகுளம் பக்கம் டீச்சர் வேலைக்கு ஆர்டர் வந்தும் நான் போகவில்லை. ஆச்சி சொல்லிக் கேட்டிருப்பான். ஆர்டர் இன்னும் பீரோவில்தான் இருக்கிறது. நான் அவனைப் பெற்றதே அவனுக்குப் பிடிக்கவில்லையோ என்று இரண்டு நாளாகத் தூக்கமில்லை.
- ஒரு தாய், அம்பாசமுத்திரம்

பதில்: தங்கச்சி, முதலில் டாக்டர் விஷயத்தை முடித்துவிடுவோம். வேண்டாம். பையன் சாப்பிடுகிறான், தூங்குகிறான், கூட்டாளிகளோடு ஆற்றுக்குக் குளிக்கப் போகிறான், அரையாண்டில் மார்க்கும் குறையவில்லை என்று நீங்களே கடிதத்தில் இன்னோர் இடத்தில் எழுதியிருக்கிறீர்கள். அப்புறம் என்ன? அலெக்சாந்தர் கிழக்கே வராமல் மேற்கே திரும்பி ரோம் மேல் படையெடுத்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று லிவி என்கிற ரோமானிய வரலாற்றாசிரியர் 2,000 வருஷத்துக்கு முன்னாலேயே பக்கம் பக்கமாக எழுதி வைத்திருக்கிறார். உங்கள் கொழுந்தனாரிடம் இதைச் சொல்லுங்கள்.

நாலு பக்கத்தையும் நான் இரண்டு தடவை படித்தேன். முதல் பக்கம் எனக்குத் திருப்தியில்லை. 1908 மார்ச் 12-ம் தேதி வ.உ.சி. கைதாகவில்லை என்று வைத்துக்கொண்டு, அடுத்த இருபது வருஷத்தில் சுதேசிக் கப்பலை லண்டன் வரை விட்டுவிட்டான். ஆசை நியாயமானதுதான், நம் ஊர்ப்பிள்ளை யாருக்குத்தான் அந்த ஆசை இல்லை. ஆனால் கைதை மட்டும் எடுத்துவிட்டால் போதுமா? 1906-ல் கம்பெனி ஆரம்பித்ததிலிருந்தே எதிரில் நின்ற வெள்ளைக்காரக் கம்பெனி டிக்கெட் விலையைக் குறைத்துக்கொண்டே வந்து, கடைசியில் ஆட்களைச் சும்மாவே ஏற்றிக்கொண்டு கையில் குடையும் கொடுத்தது என்று நம் பக்கத்தில் இன்றைக்கும் சொல்வார்கள். அந்தப் போட்டியும் கடனும் அவர் வெளியே இருந்திருந்தாலும் அப்படியேதான் இருந்திருக்கும். 1911-ல் கம்பெனி கலைந்தது, 1912 டிசம்பரில் அவர் விடுதலையாகி வந்தபோது அவருக்கென்று ஒரு கப்பலும் மிச்சமில்லை. ஒன்றை மாற்றினால் மற்றதையெல்லாம் இருந்த இடத்தில் இருந்தபடியே விட்டுவிட்டு அதன்பின் என்ன ஆகும் என்று பார்க்க வேண்டும், அதைத்தான் அவன் செய்யவில்லை. இன்னொன்றும் எனக்கு உறுத்தியது. கைதான மறுநாள் திருநெல்வேலியில் ஊரே திரண்டு எழுந்து போலீஸ் சுட்டதில் நாலு பேர் செத்தார்கள். கைது இல்லையென்றால் அவர்கள் அன்று சாயங்காலம் வீட்டுக்குப் போயிருப்பார்கள். பையன் எழுதியதில் கப்பல் இருக்கிறது, அந்த நாலு பேர் இல்லை. இதை நான் சொன்னதாகவே சொல்லுங்கள், கோபப்பட மாட்டான், யோசிப்பான்.

இரண்டாவது பக்கம், பாண்டியர்களின் பழைய துறைமுகமான கொற்கையைப் பற்றியது, பரவாயில்லை. ஆறு கொண்டுவந்த மண் சேர்ந்து கடல் தள்ளிப்போகாமல் இருந்தால் தூத்துக்குடிக்கு வேலையே இருந்திருக்காது என்கிறான், சரிதான். ஆனால் ஊரைப் பார்க்காமல் எழுதியிருக்கிறான், அது தெரிகிறது.

மூன்றாவது பக்கம்தான் நீங்கள் சலித்துக்கொண்ட பக்கம். கிறிஸ்துமஸ் லீவில் மொட்டை மாடியில் வத்தல் காயப்போடுகிற இடத்தை அடைத்துக்கொண்டு, மணல் நிரப்பிய பெயிண்ட் வாளியில் ஒட்டடைக் கம்பை நட்டு, நிழல் ஊர ஊரச் சாக்பீஸால் கோடு போட்டுத் தரையைப் பாழாக்கினான் என்கிறீர்கள். அவன் கண்டுபிடித்தது என்ன தெரியுமா? நிழல் மிகவும் குட்டையான நேரம் 12 மணி இல்லை, 12.20. அதனால்தான் கழகத்துக் கடிகாரம் 20 நிமிஷம் பிந்தி ஓடுகிறது என்று எழுதியிருக்கிறான். கற்பனை என்று நினைக்காதீர்கள், கணக்கு சுத்தமாக இருக்கிறது. நம் கடிகாரம் காட்டுவது வடக்கே மிர்சாப்பூர் பக்கம் போகிற 82½ பாகைத் தீர்க்கரேகையின் நேரம், அம்பாசமுத்திரம் கிட்டத்தட்ட 77½ பாகையில் இருக்கிறது, ஒரு பாகைக்கு நாலு நிமிஷம். 1906 ஜனவரி 1-ல்தான் இந்த நேரம் வந்தது, அதற்கு முன் ரயில் ஓடியது சென்னை நேரத்தில். வத்தலை நாலு நாள் பக்கத்து வீட்டு மாடியில் காயப்போடுங்கள் தங்கச்சி, பிப்ரவரி இரண்டாவது வாரம் அவன் மறுபடி அளக்கட்டும். அப்போது 12.34 வரும். பூமி சுற்றுகிற பாதை சரியான வட்டமில்லை, அச்சும் சாய்ந்திருக்கிறது, அதனால் வருகிற வித்தியாசம் அது. தானே அளந்து பார்த்தால் சாகிறவரை மறக்காது.

இனி நாலாவது பக்கம். நீங்கள் அழுதுகொண்டே படித்ததால் ஒன்றைக் கவனிக்கவில்லை. அதில் அம்மா ஆர்டரை வாங்கிக்கொண்டு பஸ் ஏறுகிறாள், வாடகை வீடு பிடிக்கிறாள், கரிசல் மண்ணில் சைக்கிள் ஓட்டப் பழகுகிறாள், பிள்ளைகளுக்கு வாய்ப்பாடு சொல்லித்தருகிறாள். அந்தக் கல்யாணம் நடக்கவில்லை. கடைசி வரி இது: "இந்தப் பக்கத்தை எழுதியவன் கழகத்தில் இல்லை." முதல் பக்கத்தில் தன் ஆசைக்காகக் கப்பலை லண்டன் வரை விட்ட அதே பையன், இங்கே ஒன்றை மாற்றினால் என்னவெல்லாம் போகும் என்று நேர்மையாகப் பின்தொடர்ந்து போய், தானே இல்லாமல் போகிற இடம் வரை வந்து நிற்கிறான். உங்களைப் பிடிக்காத பிள்ளை உங்களுக்குச் சைக்கிள் வாங்கிக்கொடுப்பானா? வீட்டில் இத்தனை வருஷத்தில் யாரும் உங்களிடம் கேட்காததை அவன் கேட்டிருக்கிறான், நீ எதை விட்டுவிட்டு வந்தாய் என்று. அதுவும் நோட்டை ஒளித்து வைக்காமல், நீங்கள் தினமும் துடைக்கிற மேஜை மேலேயே வைத்திருக்கிறான்.

காலேஜ் விஷயம்: பி.ஏ. வரலாறு படிக்கட்டும். பாளையங்கோட்டையிலேயே நல்ல கல்லூரிகள் இருக்கின்றன, அதற்குமேல் தொல்லியல், கல்வெட்டு என்று போக வழியும் இருக்கிறது. ஆனால் மார்ச் முடியும்வரை நோட்டுக்கு ராத்திரி ஒரு மணி நேரம்தான் என்று கறாராகச் சொல்லிவிடுங்கள். பரீட்சை முடிந்த வாரமே நீங்கள் இரண்டு பேரும் திருச்செந்தூர் ரோட்டில் ஆதிச்சநல்லூரில் இறங்கி, முதுமக்கள் தாழிகள் கிடைத்த அந்தப் பறம்பைச் சுற்றிப் பாருங்கள், அப்படியே கொற்கைக்கும் போய் அந்தப் பழைய வன்னிமரத்தடியில் நின்று கடல் எங்கே இருக்கிறது என்று அவனையே தேடச் சொல்லுங்கள்.

அதற்கெல்லாம் முன்னால், இந்த ஞாயிற்றுக்கிழமை, அந்த ஆர்டரை எடுத்து அவன் கையில் கொடுங்கள். எந்தத் தேதி, எந்தப் பள்ளிக்கூடம், எவ்வளவு சம்பளம் என்று அவனே படிக்கட்டும். யார் வேண்டாம் என்றார்கள், நீங்கள் என்ன பதில் சொன்னீர்கள், அன்று ராத்திரி என்ன நினைத்தீர்கள், எல்லாவற்றையும் விட்டுவிடாமல் சொல்லுங்கள். அவன் நோட்டை எடுத்துக்கொண்டு வந்து உட்கார்ந்தால் எழுதட்டும், தடுக்காதீர்கள்.