ஃபியம்மெத்தா என்னும் இத்தாலியப் பெண்பெயர்: கேள்வி பதில்

இத்தாலியில் இன்று பெண் குழந்தைகளுக்குச் சோஃபியா, அவுரோரா, ஜூலியா, ஜினெவ்ரா முதலிய பெயர்களே மிகுதியாகச் சூட்டப்படுகின்றன. படித்தவர் எல்லோருக்கும் தெரிந்திருந்தும் வெகு சிலரே தம் பிள்ளைக்கு வைக்கத் துணியும் ஒரு பெயர் அங்கே உண்டு. அது ஃபியம்மெத்தா. அப்பெயரைப் பற்றி உறுப்பினர்கள் அனுப்பியிருந்த கேள்விகளுக்கு இங்கே விடையளிக்கிறேன். ஒரே செய்தியைக் கேட்டிருந்தவற்றை ஒன்றாகச் சேர்த்துவிட்டேன்.

கேள்வி: இப்பெயரின் பொருள் என்ன? இதை எப்படி உச்சரிக்க வேண்டும்? (இத்தாலிய மொழி பயிலும் மாணவி, சென்னை)

‘ஃபியம்மா’ என்றால் தீச்சுடர். அதனோடு சிறுமையையும் செல்லத்தையும் குறிக்கும் ‘எத்தா’ என்ற விகுதி சேர, ‘சிறுசுடர்’ என்னும் பொருள் தரும் ஃபியம்மெத்தா பிறந்தது. மூலம் ‘ஃபிளம்மா’ என்ற இலத்தீன் சொல். இலத்தீனில் மெய்யை அடுத்து வந்த லகரம் இத்தாலிய மொழியில் பெரும்பாலும் யகர ஓசையாக நெகிழ்ந்துவிடும். கிளாரா என்ற பெயர் கியாரா ஆனதும் அவ்வாறுதான்.

உச்சரிப்பில் அழுத்தம் ‘மெ’ என்ற எழுத்தின் மேல் விழுகிறது. இறுதி ஒலி ‘ட்டா’ அன்று, ‘த்தா’. இரட்டித்து வரும் மகரத்தையும் தகரத்தையும் ஆங்கிலேயர் ஒற்றையாக்கி விழுங்கிவிடுவார்கள். தமிழருக்கு அந்தத் தொல்லை இல்லை.

சிமோனெத்தா, நிக்கொலெத்தா, அந்தொனியெத்தா முதலிய பெயர்களிலும் இதே விகுதி உண்டு. ஆனால் அவை ஏற்கெனவே மக்களிடம் வழங்கிய பெயர்களின் சிறுவடிவங்கள். ஃபியம்மெத்தாவோ ஒரு பொதுச்சொல்லிலிருந்து நேரே எழுந்தது. கவிஞர் தாந்தே தம் காவியத்தின் முதல் பகுதியில், 8ஆம் பாடலில், கோபுர உச்சியில் வைக்கப்பட்ட இரண்டு சுடர்களை இச்சொல்லின் பன்மையால்தான் குறிக்கிறார். அங்கே அது பெயர் அன்று, வெறும் சுடரே. அதைப் பெண்ணின் பெயராக நிலைநிறுத்தியவர் அடுத்த தலைமுறையைச் சேர்ந்த எழுத்தாளர் பொக்காச்சோ.

கேள்வி: முதல் ஃபியம்மெத்தா உண்மையில் வாழ்ந்த பெண்ணா? அவர் ஓர் அரசரின் மகள் என்று படித்தேன். (ஓய்வுபெற்ற பேராசிரியர், மதுரை)

ஐயா, இக்கேள்வி ஏறத்தாழ 600 ஆண்டுகளாகக் கேட்கப்பட்டு வருகிறது. ஜொவான்னி பொக்காச்சோ 1313இல் பிறந்தவர். அவருடைய தந்தை புளோரன்ஸ் நகரின் பார்தி வங்கியில் பணியாற்றியதால், மகனும் இளமையை நேப்பிள்ஸ் நகரில் கழித்தார். அப்போது அங்கே ஆண்டவர் ஆஞ்சு வம்சத்தைச் சேர்ந்த இராபர்ட் அரசர். பொக்காச்சோ தம் முதற்கால நூலான ‘ஃபிலோகோலோ’வில், ஈஸ்டருக்கு முந்தைய சனிக்கிழமையன்று தூய லாரன்ஸ் தேவாலயத்தில் ஒரு பெண்ணைக் கண்டதாகவும், அவள் அரசரின் மகள் என்றும், அவள் வேண்டியதால்தான் அந்நூலை எழுதப் புகுந்ததாகவும் கூறுகிறார். ‘தெசெய்தா’ என்ற காவியத்தையும் ஃபியம்மெத்தாவுக்கே உரிமையாக்கினார். ‘காதற் காட்சி’ என்ற மற்றொரு நூலில், ஒவ்வொரு மூவடிச் செய்யுளின் முதலெழுத்தையும் கோத்துப் படித்தால் அவளை நோக்கிய அர்ப்பணம் கிடைக்கும்படி அமைத்தார்.

இந்தக் குறிப்புகளையெல்லாம் வரலாறாக எடுத்துக்கொண்ட பிற்கால வாழ்க்கை வரலாற்றாசிரியர்கள், அவளுக்கு மரியா தக்வினோ என்று பெயரிட்டு, அரசருக்கு மணவாழ்வுக்கு வெளியே பிறந்து, தூய தாமஸ் அக்வினாஸ் தோன்றிய பிரபுக் குடும்பத்தில் வளர்ந்தவள் என்று ஒரு முழு வாழ்க்கையையே கட்டி எழுப்பினார்கள். ஆனால் அப்படி ஒரு பெண் இருந்ததற்கு ஆவணச் சான்று எதுவும் கிடைக்கவில்லை. 20ஆம் நூற்றாண்டில் பொக்காச்சோ ஆய்வில் முதன்மை பெற்ற வித்தோரே பிராங்கா, இக்காதல் கதையை இலக்கியப் புனைவாகவே கொண்டார். என் கருத்தும் அதுவே. தாந்தேக்கு பெயாத்ரிச்சே, கவிஞர் பெத்ரார்க்காவுக்கு லவுரா என்று காதலியர் இருக்கும்போது, அவர்களைப் போற்றிப் பின்தொடர்ந்த இளங்கவிஞருக்கும் ஒருத்தி வேண்டியிருந்தாள். நிஜப் பெயரை மறைத்து ஒரு குறிப்புப் பெயரால் காதலியை அழைப்பது தென் பிரான்சின் துரூபதூர் கவிஞர் காலந்தொட்டு இருந்த வழக்கம். பெண்ணே இல்லாதபோதும் மறைபெயர் ஒன்று இருக்கலாம் என்பதுதான் இதில் சுவையான செய்தி.

கேள்வி: அந்த நூலில் ஃபியம்மெத்தா கைவிடப்பட்டுப் புலம்புகிறாள் என்கிறார்கள். அத்தகைய பெயரைக் குழந்தைக்கு வைப்பது பொருத்தமா? (தாயாகப் போகும் ஒருவர், தூரின்)

அம்மா, நீங்கள் குறிப்பிடுவது 1343-44 அளவில் எழுதப்பட்ட ‘ஃபியம்மெத்தா சீமாட்டியின் புலம்பல்’ என்ற உரைநடை நூல். துயரம் அதில் உண்டு என்பது உண்மையே. நேப்பிள்ஸ் நகரின் மணமான சீமாட்டி ஒருத்தி, முதிய தந்தை அழைக்கிறார் என்று சொல்லி புளோரன்ஸுக்குப் போன பான்ஃபிலோ என்ற காதலனுக்காகக் காத்திருக்கிறாள். சொன்ன நாளில் அவன் வரவில்லை. அவனைப் பற்றி மாறி மாறி வரும் செய்திகள் அவளை அலைக்கழிக்கின்றன. நோயின் காரணம் அறியாத கணவன் அவளைக் கடலோர வெந்நீர் ஊற்றுகளுக்கு அழைத்துச் செல்கிறான். உயிரை விடத் துணிந்தவளைச் செவிலி காப்பாற்றுகிறாள். இறுதியில் பான்ஃபிலோ திரும்பிவிட்டான் என்று கேட்டு அலங்கரித்துக்கொண்டு காத்திருந்தால், வந்தவன் அதே பெயர் கொண்ட வேறொருவன்!

ஆயினும் அந்நூலை இலக்கிய வரலாற்றாசிரியர்கள் மதிப்பது புலம்பலுக்காக அன்று. அதற்கு முன் ஃபியம்மெத்தா கவிஞனால் பார்க்கப்பட்டவள், பாடப்பட்டவள். இங்கே முதன்முறையாக ‘நான்’ என்று தொடங்கித் தானே பேசுகிறாள். காதலிக்கும் பெண்களை விளித்து, தன் கதையை அவர்களுக்கே சொல்கிறாள். ஐரோப்பாவின் முதல் உளவியல் புதினம் என்று இதனைப் பலர் அழைப்பதற்குக் காரணம் இந்தக் குரல்தான்.

மேலும் ஃபியம்மெத்தா ஒருத்தி அல்லள். பொக்காச்சோவின் ‘தெக்கமெரோன்’ என்ற கதைநூலில் வருபவள் முற்றிலும் வேறு இயல்பினள். 1348இல் புளோரன்ஸைச் சூறையாடிய கொள்ளைநோய்க்கு அஞ்சி நகருக்கு வெளியே தங்கும் ஏழு பெண்களும் மூன்று ஆண்களும் பத்து நாள்களில் நூறு கதைகள் சொல்கிறார்கள். நாள்தோறும் ஒருவர் அரசராகவோ அரசியாகவோ இருந்து அன்றைய பொருளை வகுக்க வேண்டும். நான்காம் நாள், துன்பத்தில் முடிந்த காதல்களைக் கேட்டு எல்லோரும் கண்ணீர் விட்ட பிறகு, மணிமுடி ஃபியம்மெத்தாவின் தலையில் வைக்கப்படுகிறது. அவ்விடத்தில் பொக்காச்சோ அவளை வருணிக்கிறார்: சுருண்ட பொன்னிறக் கூந்தல், லில்லியும் ரோஜாவும் கலந்த முகம், வல்லூறு போன்ற கண்கள். இடர்ப்பட்டும் இன்பத்தில் முடிந்த காதல்களையே மறுநாள் சொல்ல வேண்டும் என்று அவள் ஆணையிடுகிறாள்.

வல்லூறு என்ற உவமை வெறும் அலங்காரம் அன்று என்பது மறுநாள் அவளே ஒரு கதை சொல்லும்போது தெரிகிறது. ஃபெதெரிகோ என்ற இளைஞன், தன்னை விரும்பாத ஜொவான்னா என்ற சீமாட்டிக்காகச் செல்வம் அனைத்தையும் இழந்து, ஒரு வல்லூறை மட்டும் வைத்துக்கொண்டு சிற்றூரில் வாழ்கிறான். கணவனை இழந்த அவள் ஒருநாள் அவன் வீட்டுக்கு வருகிறாள். விருந்து படைக்க வேறொன்றும் இல்லாத அவன் அந்த வல்லூறையே கொன்று சமைக்கிறான். நோயுற்ற தன் மகன் ஆசைப்பட்ட அந்தப் பறவையைக் கேட்கத்தான் அவள் வந்திருந்தாள். சிறுவன் இறந்துவிடுகிறான். பின்னர், மறுமணம் செய்துகொள்ளும்படி உடன்பிறந்தோர் வற்புறுத்தும்போது, ஏழையான ஃபெதெரிகோவையே அவள் தேர்ந்தெடுக்கிறாள். தெக்கமெரோனின் மிகச் சிறந்த கதைகளுள் ஒன்றான இதைச் சொல்லும் பொறுப்பைப் பொக்காச்சோ ஃபியம்மெத்தாவிடம் கொடுத்திருக்கிறார். ஆகவே தயங்க வேண்டாம். பெயரின் மரபில் கண்ணீரைப் போலவே அரசியின் மணிமுடியும் இருக்கிறது.

கேள்வி: ‘ஃபியம்மா’ என்றதும் அரசியல் கட்சி ஒன்றின் சின்னம் நினைவுக்கு வராதா? (மொழிபெயர்ப்பாளர், மிலான்)

1946இல் தொடங்கிய இத்தாலிய சமூக இயக்கம் என்ற நவபாசிசக் கட்சி மூவண்ணச் சுடரைச் சின்னமாகக் கொண்டது. அச்சுடர் இன்று ‘ஃபிரதெல்லி திதாலியா’ என்ற வலதுசாரிக் கட்சியின் சின்னத்திலும் இருக்கிறது. ‘ஃபியம்மா’ என்ற சொல் அதனால் அரசியல் வாடை பெற்றது உண்மை. ஆயினும் அச்சொல் இத்தாலியில் எங்கும் இருக்கிறது. நிதிக் காவல் படையினரை அவர்களுடைய சட்டைக் கழுத்துப்பட்டையில் உள்ள சின்னத்தால் ‘மஞ்சள் சுடர்கள்’ என்றே அழைக்கிறார்கள். பழைய காதலைச் சுடர் என்பதும் அங்கே அன்றாடப் பேச்சு. சிறுவடிவமான ஃபியம்மெத்தாவைக் கேட்பவர்க்குக் கட்சியைவிட பொக்காச்சோவே முதலில் நினைவுக்கு வருவார். பள்ளியில் யாரேனும் கேலி செய்தால், தீக்குச்சிக்கு உரிய ‘ஃபியம்மீஃபெரோ’ என்ற சொல்லைக் கையில் எடுப்பார்கள். அது பெரிய துன்பம் ஆகாது.

கேள்வி: நூல்களுக்கு வெளியே இப்பெயரோடு வாழ்ந்த பெண்கள் யார்? (நூலகர், யாழ்ப்பாணம்)

உரோம் நகரில் நவோனா சதுக்கத்துக்கு அருகில் ஃபியம்மெத்தா சதுக்கம் என்றே ஓரிடம் உண்டு. மறுமலர்ச்சிக் காலத்தில் பேரெடுத்த கணிகை ஃபியம்மெத்தா மிக்காயேலிஸ் நினைவாக வந்த பெயர் அது. திருத்தந்தை ஆறாம் அலெக்சாந்தரின் மகன் சேசாரே போர்ஜியாவின் காதலி என்று அறியப்பட்டவர் அவர். அவருடையது என்று சொல்லப்படும் வீட்டை இன்றும் அங்கே காணலாம். ஒரு கணிகையின் பெயர் திருத்தந்தையின் நகரில் தெருப்பலகையில் நிலைத்துவிட்டது. கற்புடைமை பேசிய எத்தனையோ சீமாட்டிகளுக்கு அது வாய்க்கவில்லை.

எனக்கு மிகவும் பிடித்தவர் ஓர் ஆங்கிலேயப் பெண்மணி. 1864இல் ஹெலன் ஃபிரான்செஸ் வொர்திங்டன் என்ற பெயரோடு பிறந்து, இசைக்கலைஞராகி, இத்தாலியில் பயின்று, பின்னர் ஃபியம்மெத்தா வில்சன் என்று வழங்கப்பட்டவர். 1910 முதல் 1920 வரை பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட எரிகற்களைக் கண்ணால் பார்த்துப் பதிவு செய்தார். அவற்றுள் 650 எரிகற்களின் பாதைகளைக் கணித்தார். பிரித்தானிய அரச வானியல் கழகம் பெண்களை உறுப்பினராக ஏற்கத் தொடங்கிய 1916இல், முதலில் தேர்வானவர்களுள் அவரும் ஒருவர். வானத்துச் சுடர்களை எண்ணுவதற்கென்றே வைத்துக்கொண்ட பெயர் போல இருக்கிறது. ஆனால் அவர் எரிகற்களை நோக்கத் தொடங்கியது நடுவயதில்தான்.

இன்றைய இத்தாலியர் இப்பெயரைக் கேட்டால் ஃபியம்மெத்தா போர்செல்லினோவை நினைப்பார்கள். 1992 ஜூலை 19 அன்று பலெர்மோவில் மாஃபியாவின் குண்டுக்குப் பலியான நீதிபதி பாவ்லோ போர்செல்லினோவின் இளைய மகள் அவர். அக்கொலையின் விசாரணை திசைதிருப்பப்பட்டதற்கு விடை கேட்டுப் பொதுமேடைகளில் விடாது பேசி வருகிறார். மென்மையான பெயர் என்று இதை ஒதுக்குவோர் அவர் பேச்சை ஒருமுறை கேட்க வேண்டும்.

கேள்வி: இப்பெயரில் புனிதர் உண்டா? திருமுழுக்கில் தடை வருமா? (பங்கு உறுப்பினர், திருச்சி)

பரவலாக வணங்கப்படும் புனிதர் எவரும் இப்பெயரில் இல்லை. அத்தகைய பெயருடையோர் தம் பெயர்நாளை நவம்பர் 1, அனைத்துப் புனிதர் திருநாளன்று கொண்டாடுவது இத்தாலிய வழக்கம். திருமுழுக்குக்கும் தடை இல்லை. கிறித்தவ உணர்வுக்கு ஒவ்வாத பெயரைத் தவிர்க்க வேண்டும் என்பதே 1983ஆம் ஆண்டுத் திருச்சபைச் சட்டத்தின் 855ஆம் விதி. புனிதரின் பெயரே வேண்டும் என்று அது கட்டாயப்படுத்தவில்லை.

கேள்வி: நாங்கள் பலெர்மோவில் வாழும் இலங்கைத் தமிழர்கள். மகளுக்கு ஃபியம்மெத்தாவோடு பாட்டியின் தமிழ்ப் பெயரையும் சேர்த்துப் பதிவு செய்ய முடியுமா?

முடியும். 2000ஆம் ஆண்டின் 396ஆம் எண் ஆணைப்படி ஒரு குழந்தைக்கு மூன்று பெயர்கள் வரை வைக்கலாம். வாழும் தந்தையின் பெயரையோ, வாழும் உடன்பிறந்தாரின் பெயரையோ அப்படியே வைப்பதும், நகைப்புக்கிடமான பெயர்களும் விலக்கப்பட்டுள்ளன. ‘வெள்ளிக்கிழமை’ என்று பொருள்படும் பெயரை ஜெனோவாவைச் சேர்ந்த பெற்றோர் மகனுக்கு வைத்தபோது நீதிமன்றம் ஏற்க மறுத்ததை நீங்கள் கேள்விப்பட்டிருக்கலாம். பாட்டியின் பெயருக்கு அத்தகைய தடை எதுவும் இல்லை. சொல்லப்போனால், மகளுக்குப் பாட்டியின் பெயரை வைப்பது சிசிலியருக்கும் பழகிய வழக்கந்தான். தமிழ்ப் பெயரை இலத்தீன் எழுத்துகளில் எப்படி எழுதுவது என்பதை முன்கூட்டியே முடிவு செய்து, கடவுச்சீட்டிலும் அதே எழுத்துகள் வரும்படி பார்த்துக்கொள்ளுங்கள். பிறந்த மருத்துவமனையில் என்றால் மூன்று நாள்களுக்குள்ளும், நகராட்சியில் என்றால் பத்து நாள்களுக்குள்ளும் அறிவிக்க வேண்டும்.

கேள்வி: இதே மரபில் வேறு அரிய பெயர்கள் உண்டா?

தெக்கமெரோனின் மற்ற ஆறு பெண்கள் பாம்பினேயா, ஃபிலோமேனா, எமிலியா, லவுரெத்தா, நெய்ஃபிலே, எலிஸ்ஸா. இவற்றுள் எமிலியா இன்று பரவலானது. நெய்ஃபிலேயையோ பாம்பினேயாவையோ குழந்தைக்கு வைப்பதை நான் பரிந்துரைக்க மாட்டேன். வியோலாந்தே என்ற பெயரைச் சிந்தித்துப் பார்க்கலாம். பொக்காச்சோ தம் சொந்த மகளுக்கு வைத்த பெயர் அது. சிறுவயதிலேயே இறந்துபோன அவளுக்காக இலத்தீனில் ஒரு செய்யுள் இயற்றி, அதில் அவளை ஒலிம்பியா என்று அழைத்தார்.